கொங்கு நாட்டில் ஆங்கிலச் சொல் பெயரான வரலாறு

ஹேப்பி, லக்கி, ஜாலி, ஜாய், ஸ்வீட்டி, பேபி. இவை ஆங்கில மொழியின் சொற்கள். ஆங்கிலேயரின் வழக்கமான பெயர்கள் என்று எல்லாவற்றையும் சொல்லிவிட முடியாது. ஜான், வில்லியம், எலிசபெத் என்று பெயர் வைப்பது ஒருவகை. அவை கிறித்தவத்தோடும் விவிலியத்தோடும் வந்தவை, தமிழ்நாட்டில் முந்நூறு ஆண்டு வரலாறு உடையவை. அகராதியில் பொருள் காணக்கூடிய, மகிழ்ச்சியைக் குறிக்கும் ஓர் ஆங்கிலச் சொல்லை அப்படியே எடுத்துத் தொட்டிலில் கிடக்கும் பிள்ளைக்குச் சூட்டுவது இன்னொரு வகை. இக்கட்டுரை இரண்டாவது வகையைப் பற்றியது. கோயம்புத்தூருக்கும் பொள்ளாச்சிக்கும் இடையே உள்ள கிணத்துக்கடவையும் அதைச் சுற்றிய கொங்குப் பகுதியையும் மையமாக வைத்து, இவ்வழக்கம் எந்த வழிகளில் நுழைந்தது, எங்கே தடைபட்டது என்று பார்க்கலாம்.

ஊரின் பெயரே இதற்கு ஒரு நல்ல தொடக்கம். இலக்கணப்படி எழுதினால் கிணற்றுக்கடவு என்று வரவேண்டும். மக்கள் கிணத்துக்கடவு என்றே பேசினார்கள். பேருந்துப் பலகையிலும் ரயில் நிலையத்திலும் வட்டாட்சியர் அலுவலகத்திலும் சட்டமன்றத் தொகுதிப் பட்டியலிலும் அதுவே நிலைத்துவிட்டது. பெயர் விஷயத்தில் கூப்பிடுகிறவர்களின் நாக்குக்கு உள்ள அதிகாரம் புலவர்களுக்குக் கிடையாது.

பெயரனே பேரன்

கொங்கு நாட்டின் பழைய பெயரிடும் முறை இரண்டு தூண்களில் நின்றது. ஒன்று தெய்வம், மற்றது பாட்டன். கிணத்துக்கடவில் பொன்மலை மேல் வேலாயுதசாமி கோயில் இருக்கிறது. அதனால் சுற்றுவட்டாரத்தில் வேலுச்சாமி, வேலாயுதம், பொன்னுச்சாமி என்ற பெயர்கள் மிகுதி. மருதமலை கோயம்புத்தூருக்கு மருதாசலங்களைத் தந்தது. சென்னிமலை சென்னியப்பன்களையும் திருச்செங்கோடு செங்கோடன்களையும் காரமடை ரங்கசாமிகளையும் ஆனைமலை மாசாணிகளையும் தந்தன. பழனி எல்லோருக்கும் பொது. ஒரே ஊரில் ஏழெட்டுப் பழனிச்சாமிகள் இருப்பதால் தோட்டத்துப் பழனிச்சாமி, மேட்டுக்காட்டுப் பழனிச்சாமி என்று நிலத்தைச் சேர்த்துச் சொல்லிப் பிரித்தறிவார்கள்.

இரண்டாவது தூண் பாட்டன். மகனுடைய மகனுக்குத் தாத்தாவின் பெயர் என்பது தமிழகம் முழுவதற்கும் பொதுவான வழக்கம். பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதன் திரிபு. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் என்று பொருள். இங்கேதான் ஒரு நடைமுறைச் சிக்கல் வந்தது. மாமனாரின் பெயரை மருமகள் வாயால் சொல்லக் கூடாது. அந்தப் பெயரே தன் பிள்ளைக்கும் இருந்தால் பெற்றவள் பிள்ளையை எப்படிக் கூப்பிடுவாள்? கண்ணு, சாமி, தங்கம், ராசு என்று கூப்பிட்டாள். பெண்பிள்ளை என்றால் அம்மிணி, பாப்பாத்தி. இப்படி ஒவ்வொரு வீட்டிலும் ஏட்டில் உள்ள பெயர், கூப்பிடும் பெயர் என்று இரண்டு உண்டாயின.

ஆங்கிலச் சொல் நுழைந்த வாசல் இந்தக் கூப்பிடும் பெயர்தான். ஏட்டுப் பெயரைத் தீர்மானிப்பதில் பங்காளிகளுக்கும் சோசியருக்கும் குலதெய்வத்துக்கும் உரிமை இருந்தது. கூப்பிடும் பெயரில் தாய்க்கும் அத்தைக்கும் அம்மாயிக்கும் முழு விடுதலை. இருபதாம் நூற்றாண்டின் நடுவில் பாப்பா இருந்த இடத்தில் பேபி வந்து உட்கார்ந்தபோது யாரும் சண்டைக்குப் போகவில்லை. சில வீடுகளில் பள்ளியில் சேர்க்கும் நாளில் தலைமையாசிரியர் பெயர் கேட்டதும் கூட வந்தவர் கூப்பிடும் பெயரையே சொல்லிவிட, அது பதிவேட்டில் ஏறி நிலைத்தது. பிறந்த தேதி தெரியாத பிள்ளைகளுக்கு ஜூன் மாதத்தில் ஒரு தேதி போட்டுக்கொண்ட காலம் அது. இன்று அறுபது எழுபது வயதில் இருக்கும் பல பேபியம்மாள்கள் உருவானது இவ்வாறுதான்.

குப்பனும் ஹேப்பியும்

மகிழ்ச்சியான சொல்லைப் பெயராக வைப்பது எளிய செயல்போல இன்று தோன்றுகிறது. நூறு ஆண்டுகளுக்கு முன்பு அது துணிச்சல். பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீட்டில் அடுத்த குழந்தையைக் குப்பையில் கிடத்தி எடுத்து, குப்பன், குப்பண்ணன், குப்பாயி என்று பெயரிடுவார்கள். மூக்கைக் குத்தி மூக்கன், மூக்காயி என்பார்கள். அடுத்தவர் கையில் கொடுத்துப் பிச்சையாகத் திரும்ப வாங்கிப் பிச்சை, பிச்சையம்மாள் என்பார்கள். எமனும் கண்ணேறும் இழிந்த பொருளைத் தீண்ட மாட்டா என்பது நம்பிக்கை. பெண்பிள்ளைகளாகவே பிறந்த வீட்டில் போதும்பொண்ணு என்ற பெயர் வைத்ததற்குக் காரணம் வேறு. அங்கே அச்சத்துக்குப் பதிலாக வெறுப்பு பேசியது. எப்படியாயினும் பெயரில் மகிழ்ச்சியை வெளிப்படுத்துவது கண்பட வழி என்றே கருதப்பட்டது.

1971இல் இந்தியாவில் உயிருடன் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 129 குழந்தைகள் முதலாண்டு நிறைவதற்குள் இறந்தன. 2020இல் தமிழ்நாட்டில் அந்த எண்ணிக்கை 13. பெயர் வரலாற்றை எழுதுகிறவர்கள் இந்த இரண்டு எண்களையும் போதிய அளவு கவனிப்பதில்லை. குப்பாயிகள் குறைந்ததற்கு நாகரிகம், சினிமா, படிப்பு என்று பல காரணம் சொல்லப்படும். தடுப்பூசியும் மருத்துவமனைப் பிரசவமும் அவற்றுக்கு முன்னால் வைக்கப்பட வேண்டியவை என்பது என் கருத்து. பிள்ளை பிழைக்கும் என்ற உறுதி வந்த பிறகுதான் பிள்ளையை மகிழ்ச்சி என்றே கூப்பிடும் தைரியம் வந்தது.

இழிபெயருக்கு இன்னொரு முகமும் உண்டு. மனுஸ்மிருதியின் இரண்டாம் அத்தியாயம் பிராமணனுக்கு மங்கலம், சத்திரியனுக்கு வலிமை, வைசியனுக்குச் செல்வம் தோன்றப் பெயரிடவேண்டும் என்று சொல்லி, சூத்திரனின் பெயர் இகழ்ச்சியைக் காட்டவேண்டும் என்கிறது. சுலோகம் படிக்காத ஊர்களிலும் இந்த விதி வேறு வடிவில் இருந்தது. பண்ணையத்தில் வேலை செய்த ஒடுக்கப்பட்ட சாதிப் பிள்ளைக்குப் பழனிச்சாமி என்று பெயர் இருந்தாலும், கூப்பிடும்போது 'சாமி' என்ற சொல் தன் வாயில் வரக்கூடாது என்று அதை வெட்டிவிடுவார் நிலவுடைமையாளர். பெருமாள்முருகன் 2000இல் வெளியிட்ட 'கூளமாதாரி' நாவலில் கொங்குப் பண்ணையத்தில் ஆடு மேய்க்கும் சிறுவர் சிறுமியர் கூளையன், நெடும்பன், வவுறி, செவிடி என்றே வருகிறார்கள். எல்லாம் உடலின் குறையையோ அளவையோ சுட்டும் பெயர்கள். நாவலின் உலகில் அந்தப் பிள்ளைகளுக்கு வேறு பெயர் கேட்பாரில்லை.

இந்தப் பின்னணியில் பார்த்தால் சாதி தெரியாத, தெய்வம் தெரியாத, வெட்டிச் சுருக்க முடியாத ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு வேறு மதிப்பு உண்டாகிறது. லக்கி என்றால் கூப்பிடுகிறவர் முழுவதையும் சொல்லியே ஆகவேண்டும். வேடிக்கைப் பெயர் என்று வெளியிலிருந்து சிரிப்பவர்கள் இதை யோசித்துவிட்டுச் சிரிக்கலாம்.

துரை, ரயில், வெரைட்டி ஹால்

ஆங்கிலேயர் வந்ததும் கொங்கில் முதலில் பெயரானது ஆங்கிலச் சொல் எதுவும் இல்லை; துரை என்ற பழஞ்சொல்தான். தலைவனைக் குறித்த அச்சொல் வெள்ளைக்கார அதிகாரியையும் தேயிலைத் தோட்டக்காரரையும் குறிக்கத் தொடங்கி, பிறகு சின்னத்துரை, துரைசாமி, துரைராஜ் என்று பிள்ளைகளுக்கும் ஆனது. ஆனைமலைத் தோட்டங்களில் வேலைக்குப் போன குடும்பங்கள் தினமும் அஞ்சி ஒதுங்கிய ஒரு பதவியின் பெயரைத் தம் மகனுக்கு இட்டுக்கொண்டன. அதிகாரத்தை எட்டிப்பிடிக்க எளியவரிடம் இருந்த மலிவான வழி பெயர்.

1915இல் போத்தனூர்–பொள்ளாச்சி மீட்டர்கேஜ் பாதை திறக்கப்பட்டது. கிணத்துக்கடவு அதில் ஒரு நிலையம். போத்தனூர் ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் நிறைந்த ரயில்வே குடியிருப்பு. ரயில்வே ஊழியர் வீடுகளிலிருந்து ரோசி, டெய்சி, லில்லி போன்ற பெயர்கள் அக்கம்பக்கத்துக் காதுகளில் விழுந்தன. இவற்றில் பூவின் பெயர்கள் தமிழ் வீடுகளுக்குள் எளிதாக வந்தன. தாமரை, அல்லி, செண்பகம் என்று பூவைப் பெண்ணுக்குச் சூட்டும் வழக்கம் ஏற்கெனவே இருந்ததால் ரோசாவுக்கு ஆட்சேபம் எழவில்லை.

கோயம்புத்தூர் நகரில் ஆங்கிலச் சொல் முதலில் கட்டடங்களுக்கும் ஆலைகளுக்கும் தெருக்களுக்கும் பெயரானது. தென்னிந்திய சினிமாவின் முன்னோடியான சாமிக்கண்ணு வின்சென்ட் 1914இல் நிறுவிய வெரைட்டி ஹால் அதற்கு நல்ல எடுத்துக்காட்டு. கூடம் போனாலும் வெரைட்டி ஹால் ரோடு என்று தெரு இன்றும் நிற்கிறது. வெரைட்டி என்றால் என்ன என்று தெரியாமலே மூன்று தலைமுறை அந்தச் சொல்லை ஊர்ப்பெயர்போலப் புழங்கியது. பொருள் மங்கி ஒலி மட்டும் நிற்பது எல்லாப் பெயர்களுக்கும் நேர்வது.

ஈரோட்டிலிருந்து மாஸ்கோவுக்கு

தெய்வத்தையும் பாட்டனையும் தாண்டி, பொதுவான ஒரு சொல்லை எடுத்துப் பிள்ளைக்கு வைக்கலாம் என்ற துணிவைத் தமிழ்நாட்டுக்குக் கொடுத்தவை இரண்டு இயக்கங்கள். முதலாவது 1916இல் மறைமலையடிகள் தொடங்கிய தனித்தமிழ் இயக்கம். வேதாசலம் மறைமலையாக மாறினார். அவருக்கு முன்பே சூரியநாராயண சாஸ்திரியார் பரிதிமாற்கலைஞர் ஆகியிருந்தார். பின்னர் திராவிட இயக்கத்தில் நாராயணசாமி நெடுஞ்செழியனாகவும் இராமையா அன்பழகனாகவும் ஆனார்கள். இவை பெரும்பாலும் வடமொழிப் பெயர்களின் மொழிபெயர்ப்பாகவே தொடங்கின. அடுத்தடுத்த தலைமுறையில் அன்பு, வெற்றி, எழில், தென்றல், இனியன், இன்பா, மகிழன் என்று தமிழகராதியின் எந்த நல்ல சொல்லும் பெயராகலாம் என்ற நிலை வந்தது. மகளுக்கு ஜாய் என்று பெயரிடும் தாயும் இன்பா என்று பெயரிடும் தாயும் ஒருவரையொருவர் எதிர்க்கட்சியாக நினைக்கலாம். இருவரும் செய்வது ஒரே வேலை. அகராதியிலிருந்து நேரே பெயர் எடுக்கிறார்கள்.

இரண்டாவது, சுயமரியாதை இயக்கம். அதன் ஊற்று கொங்கின் ஈரோடு. 1925இல் அங்கிருந்து 'குடி அரசு' வெளிவரத் தொடங்கியது. 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் கூடிய முதல் மாகாணச் சுயமரியாதை மாநாடு பெயருக்குப் பின்னால் சாதிப்பட்டம் போடக்கூடாது என்று தீர்மானித்தது. 1931 டிசம்பரில் பெரியார் ஐரோப்பியப் பயணம் புறப்பட்டு, சோவியத் ஒன்றியத்தைப் பார்த்து, 1932 நவம்பரில் திரும்பினார். அதற்குப் பிறகு தம்மிடம் பெயர் வைக்கக் கொண்டுவந்த குழந்தைகளுக்கு ரஷ்யா, மாஸ்கோ, லெனின் என்று சூட்டினார். ஊரின் பெயரையும் நாட்டின் பெயரையும் ஒரு பிள்ளைக்கு வைத்தால் உலகம் கவிழ்ந்துவிடாது என்று கண்முன்னால் காட்டியதில்தான் அதன் தாக்கம் இருந்தது.

இந்த வரிசையில் மிகவும் அறியப்பட்ட பெயர் ஸ்டாலின். 1953 மார்ச் 1 அன்று பிறந்த மகனுக்கு அய்யாத்துரை என்று பெயரிட மு. கருணாநிதி நினைத்திருந்தார், பெரியாரைக் குறிக்கும் அய்யாவும் அண்ணாதுரையைக் குறிக்கும் துரையும் சேர்ந்தது அப்பெயர். நான்கு நாள் கழித்து மார்ச் 5 அன்று சோவியத் தலைவர் ஜோசப் ஸ்டாலின் இறந்தார். இரங்கல் கூட்டத்தில் பேசிக்கொண்டிருந்த கருணாநிதி தம் மகனுக்கு ஸ்டாலின் என்ற பெயரை அறிவித்தார். இதை மு.க. ஸ்டாலினே மேடைகளில் பலமுறை சொல்லியிருக்கிறார். பிள்ளைகளுக்கு அழகான தமிழ்ப் பெயர் வையுங்கள் என்று அவர் திருமண மேடைகளில் கேட்டுக்கொள்வதும் அவருடைய பெயரின் கதையும் அருகருகே நிற்பது தமிழ்நாட்டுப் பெயர் அரசியலின் சுவையான முரண்.

கோயம்புத்தூர்ப் பஞ்சாலைகளில் பொதுவுடைமை இயக்கம் வேர்விட்டதும் இதற்குத் துணைசெய்தது. சின்னியம்பாளையம் ஆலைத் தொழிலாளர்கள் நால்வர் 1946 ஜனவரி 8 அன்று தூக்கிலிடப்பட்ட மண் இது. லெனினும் ஸ்டாலினும் இங்கே வெறும் பெயர்களாக வரவில்லை. இந்த மரபு ஆங்கிலச் சொல்லிலேயே வந்து முடிந்த நிகழ்ச்சியும் கொங்கின் கிழக்கோரத்தில் நடந்தது. 2021 ஜூன் 13 அன்று சேலத்தில் நடந்த ஒரு திருமணத்தின் அழைப்பிதழ் நாடெங்கும் செய்தியானது. மணமகனின் பெயர் சோசலிசம். இந்தியப் பொதுவுடைமைக் கட்சியின் சேலம் மாவட்டச் செயலாளராக இருந்த தந்தை, அவருடைய அண்ணன்மாருக்குக் கம்யூனிசம், லெனினிசம் என்று பெயரிட்டிருந்தார். ஊடகங்கள் சிரித்தன. வீட்டில் அந்தப் பெயர்களைக் கேட்டுக் கேட்டுப் பழகியவர்களுக்கு அதில் சிரிக்க ஒன்றும் இல்லை. ஒரு கருத்தின் மீதிருந்த நம்பிக்கையைத் தந்தை தன்னிடம் இருந்த மிக விலையுயர்ந்த பொருளின் மேல் எழுதி வைத்தார், அவ்வளவுதான்.

கணவாய்க்கு அப்பால்

கிணத்துக்கடவிலிருந்து மேற்கே சிறிது தூரம் போனால் கேரள எல்லை. பாலக்காடு 1956 வரை சென்னை மாகாணத்து மலபார் மாவட்டத்தைச் சேர்ந்தது. அரிசியும் காய்கறியும் மாடும் போய்வந்த கணவாய் வழியாகப் பெயர்களும் போய்வந்தன. மகிழ்ச்சியான ஆங்கிலச் சொற்களைப் பெயராக்குவதில் மலையாளிகள், சிறப்பாகச் சிரியன் கிறித்தவர்கள், நம்மைவிட வெகுதூரம் முன்னால் போனவர்கள். ஜோய், ஜாலி, சன்னி, லவ்லி, பேபி எல்லாம் அங்கே பள்ளிச் சான்றிதழில் ஏறிய பெயர்கள்.

இரிஞ்ஞாலக்குடாவில் 1948 பிப்ரவரி 28 அன்று பிறந்த நடிகர் இன்னசென்ட் இதற்குப் புகழ்பெற்ற எடுத்துக்காட்டு. சிரிப்பு நடிகராக நூற்றுக்கணக்கான படங்களில் நடித்தார், 2014 முதல் 2019 வரை சாலக்குடி நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தார், புற்றுநோயை எதிர்கொண்ட அனுபவத்தைச் சிரிப்போடு நூலாக எழுதினார், 2023 மார்ச் 26 அன்று காலமானார். அப்பாவி என்று பொருள்படும் அவர் பெயரைக் கேட்டவுடன் வேடிக்கையாகத் தோன்றும். ஆனால் ரோமில் இன்னசென்ட் என்ற பெயரில் பதின்மூன்று போப்பாண்டவர்கள் இருந்திருக்கிறார்கள். புதுமை என்று நினைப்பது ஆயிரத்தைந்நூறு ஆண்டு பழைய லத்தீனாக இருப்பது பெயராய்வில் அடிக்கடி நிகழும்.

பேபியின் கதை இன்னும் நல்லது. தமிழ்நாட்டில் பேபி பெண்ணின் பெயர். கேரளத்தில் பேபி என்றால் மீசை வைத்த ஆணும் இருக்கலாம். 2025 ஏப்ரலில் மதுரையில் நடந்த மாநாட்டில் மார்க்சிஸ்ட் கட்சியின் அகில இந்தியப் பொதுச்செயலாளராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் எம்.ஏ. பேபி. அதுபோலவே அங்கே ஜோய் பெரும்பாலும் ஆண், இங்கே ஜாய் பெண். ஒரே ஆங்கிலச் சொல் கணவாயைக் கடந்ததும் பால் மாறிவிடுகிறது. சொல்லுக்குப் பால் இல்லாததால் ஊர் அதற்கொரு பாலைக் கொடுத்துக்கொள்கிறது.

மலையாளிக்கு இதில் ஒரு வசதி உண்டு. பெயரோடு தந்தை பெயரும் வீட்டுப் பெயரும் வருகின்றன. முதற்பெயர் விளையாட்டாக இருந்தாலும் பின்னால் வருபவை அதைத் தாங்கிப்பிடிக்கும். செங்கற்பட்டு மாநாட்டுக்குப் பின் சாதிப்பட்டத்தை உதறிய தமிழருக்கு மிஞ்சியது தலைப்பெழுத்து ஒன்றே. தமிழர் பெயரில் முழுப் பாரத்தையும் அந்த ஒற்றைச் சொல்லே சுமக்கவேண்டும். நம் ஊர்ப் பெற்றோர் ஜாலி என்பதை வீட்டோடு நிறுத்திக்கொள்வதற்கு இதுவும் காரணமாக இருக்கலாம்.

தமிழ்க் கிறித்தவர்கள் இந்தச் சிக்கலை முன்னமே வேறுவழியில் தீர்த்தார்கள். சந்தோஷம், சமாதானம், அற்புதம், பாக்கியம், ஆரோக்கியம் என்று சொற்களை மொழிபெயர்த்துப் பெயராக்கிக்கொண்டார்கள். தொழிலதிபர் வி.ஜி. சந்தோசம் பெயரைக் கேட்டு யாரும் புருவம் உயர்த்துவதில்லை. விவிலியத்தின் ஈசாக்கு என்ற பெயருக்கு எபிரேய மொழியில் 'அவன் நகைப்பான்' என்று பொருள். கிழவியான தனக்குப் பிள்ளையா என்று சாராள் சிரித்த கதையிலிருந்து வந்தது அது. தெற்கத்திச் சீமையில் ஈசாக்கு என்ற பெயரைத் தாங்கிய பெரியவர்கள் எத்தனையோ பேர். உலகின் மிகப் பழைய சிரிப்புப் பெயர்களில் ஒன்றை அவர்கள் சுமந்தார்கள்.

தமிழ் எழுத்தில் ஏறும்போது

ஒரு சொல் ஆங்கிலத்தில் இனிமையாக இருப்பது போதாது. தமிழ்ச் செவியில் என்னவாகிறது என்று பார்க்கவேண்டும். சன்னி என்று ஆண்பிள்ளைக்குப் பெயர் வைத்தால், வெயில் ஒளிரும் நாள் என்று பெற்றோர் நினைத்திருக்கலாம். ஊர்ப் பாட்டிக்குச் சன்னி என்பது பச்சைப்பிள்ளையைக் கொண்டுபோகும் காய்ச்சல். ஜாலிக்கு நல்லூழ். கிரந்த எழுத்தை நீக்கினால் சாலி ஆகும். சாலி என்றால் செந்நெல், அருந்ததிக்கும் அது பெயர். ஹேப்பி பேச்சில் ஏப்பியாகி, வகுப்புத் தோழர்கள் வாயில் ஏப்பமாக வெகுநேரம் ஆகாது. லக்கி தொல்காப்பிய விதிப்படி சொல்லுக்கு முதலில் லகரம் வராததால் இலக்கி ஆகவேண்டும். இராமனுக்கும் இலட்சுமிக்கும் செய்ததை லக்கிக்கும் செய்ய யாரும் இதுவரை முன்வரவில்லை.

இதைவிடப் பெரிய தடை நாய். ஜிம்மி, டாமி, லக்கி, ஹேப்பி, ரோசி ஆகியவை கொங்குத் தோட்டங்களில் வெகுகாலமாக நாய்களின் பெயர்கள். வெள்ளைக்காரர் வீட்டிலிருந்து வந்த நாய்க்கு வெள்ளைக்காரப் பெயர் என்ற வழக்கம் பின்னர் நாட்டு நாய்க்கும் பரவிவிட்டது. களத்துமேட்டில் நின்று 'லக்கி, வாடா' என்று கூப்பிட்டால் யார் ஓடி வருவது என்ற கேள்வி நகைச்சுவையாக இருந்தாலும், பல வீடுகளில் ஒரு பெயர் கைவிடப்பட்டதற்கு உண்மைக் காரணம் அதுவே. பஞ்சாபில் ஹேப்பி, லக்கி, ஹனி எல்லாம் பெரிய ஆட்களின் செல்லப் பெயராக மதிப்போடு வாழ்கின்றன. நம் ஊரில் நாய் அவற்றைக் கைப்பற்றிக்கொண்டது.

சோதிடம் இங்கே எதிர்பாராத நண்பன். பஞ்சாங்கங்களில் ஒவ்வொரு நட்சத்திரத்துக்கும் பெயரின் முதலெழுத்துகள் குறிக்கப்பட்டிருக்கும். பூசத்துக்கு ஹு, ஹே, ஹோ, ட. உத்திராடத்துக்கு பே, போ, ஜ, ஜி. அசுவினிக்கு சு, சே, சோ, ல. தமிழ்ச் சொல் எதுவும் ஹகரத்தில் தொடங்காது. பூச நட்சத்திரத்தில் பிறந்த பிள்ளைக்குச் சோதிடர் 'ஹே' என்று எழுதிக் கொடுத்தால் ஹேமா, ஹேமந்த் ஆகியவற்றைச் சொல்லி முடித்த பிறகு தாய்க்கு என்ன மீதி இருக்கிறது? பேபி உத்திராடத்துக்கும் லக்கி அசுவினிக்கும் சட்டப்படி பொருந்தும். வடமொழி ஒலிகளுக்காக வகுத்த பட்டியல் ஆங்கிலத்துக்குக் கதவு திறந்து வைத்திருக்கிறது. இன்று கிணத்துக்கடவுப் பகுதியிலும் ஷ், த்வி, க்ஷ் ஒலிக்கும், பொருள் தெளிவில்லாத பெயர்கள் பெருகியிருப்பதற்கு இந்த எழுத்துப் பட்டியலும் எண்கணிதமும் பெருங்காரணம். அவற்றோடு ஒப்பிட்டால் ஜாய் என்ற பெயருக்கு ஒரு நேர்மை உண்டு. அதன் பொருள் வைத்தவருக்கும் தெரியும், கேட்பவருக்கும் தெரியும்.

உலகில் இதன் உறவினர்

பதினேழாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் தூய்மைவாதக் கிறித்தவர்கள் நற்பண்புச் சொற்களையும் முழு வாக்கியங்களையும் பெயராக்கினார்கள். 1653இல் கூடிய ஒரு பாராளுமன்றம் பிரெய்ஸ்-காட் பேர்போன் என்ற உறுப்பினரின் பெயரால் கேலியாக அழைக்கப்பட்டு வரலாற்றில் அப்படியே நின்றுவிட்டது. ஹோப், கிரேஸ், ஜாய் ஆகியவை அந்தக் காலத்தின் மிச்சம். ஆப்பிரிக்காவில் ஆங்கிலம் பரவிய நாடுகள் இதைத் தமதாக்கிக்கொண்டன. நைஜீரியாவில் 2010 முதல் 2015 வரை குடியரசுத் தலைவராக இருந்தவர் குட்லக் ஜோனதன். அவர் மனைவி பேஷன்ஸ். அங்கே தாய்மொழிப் பெயர்களே வாழ்த்துச் சொற்களாக இருந்ததால் அவற்றை ஆங்கிலத்தில் சொல்வது இயல்பான அடுத்த அடி.

அண்டையிலும் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. கர்நாடகத்தின் பத்ராபூரில் வாழும் ஹக்கிப்பிக்கி பழங்குடியினரிடையே ஹைகோர்ட், காபி, கூகுள், மைசூர்பாக் என்ற பெயருடையவர்கள் இருக்கிறார்கள். நாடோடிகளாகத் திரிந்தவர்கள் தாம் கண்டு வியந்ததைப் பிள்ளைக்கு இட்டார்கள். அவர்களை வேடிக்கைப் பொருளாகக் காட்டும் செய்திகள் பல வந்தன. ஹைகோர்ட் என்ற பெயரில் உள்ள ஏக்கத்தைச் சொன்னவை குறைவு.

பிரான்சில் 1803ஆம் ஆண்டுச் சட்டம் நாட்காட்டியில் உள்ள புனிதர்களின் பெயர்களையும் பழைய வரலாற்றில் அறியப்பட்ட பெயர்களையுமே அனுமதித்தது. 1993இல்தான் பெற்றோருக்கு விருப்புரிமை கிடைத்தது. ஐஸ்லாந்தில் புதுப்பெயர்களை ஏற்கவோ மறுக்கவோ ஒரு குழுவே உண்டு.

பதிவேட்டில்

இந்தியாவில் அப்படிப்பட்ட பட்டியலோ குழுவோ இல்லை. 1969ஆம் ஆண்டின் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டப்படி பிறப்பை 21 நாட்களுக்குள் தெரிவிக்கவேண்டும். பெயரை அப்போதே சொல்லவேண்டிய கட்டாயம் கிடையாது. பெயரில்லாமல் பதிந்துவிட்டு 12 மாதத்துக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதற்குப் பின்னும் தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டு வரை இடம் உண்டு. இந்த இடைவெளி பெயர் வரலாற்றில் பெரிய வேலை செய்திருக்கிறது. தொட்டிலில் லக்கியாக இருந்த பிள்ளை அந்த ஓராண்டுக்குள் லோகேஷாகவோ இலக்கியனாகவோ மாறிவிடுகிறது. கூப்பிடும் பெயர் வீட்டில் நிற்க, ஏட்டுப் பெயர் பேரூராட்சி அலுவலகத்துக்குப் போகிறது.

2023ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, அவ்வாண்டு அக்டோபர் 1 முதல் பிறப்பவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் பட்டியல், திருமணப் பதிவு, அரசு வேலை ஆகியவற்றில் பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் பிறப்புச் சான்றே ஆவணம். தலைமையாசிரியர் கேட்டு, அத்தை சொல்லி, பேபி என்று ஏடேறிய காலம் இதோடு முடிந்தது. இனி அந்தப் பெயர் வேண்டுமென்றால் பெற்றோர் யோசித்து, எழுத்துக்கூட்டி, கையெழுத்திட்டுத்தான் வைக்கவேண்டும். பிள்ளைக்குப் பிடிக்காவிட்டால் பதினெட்டு வயதுக்குப் பின் தமிழ்நாடு அரசிதழில் அறிவிப்பு வெளியிட்டுத் தானே மாற்றிக்கொள்ளலாம். சிறுவயதில் மாற்றவேண்டுமானால் விண்ணப்பத்தில் கையொப்பமிட வேண்டியவர் தந்தையோ தாயோ காப்பாளரோதான்.